எல்லைக்கு இந்தப் பக்கம் ஓ.பி.சி., அந்தப் பக்கம் ஓ.சி.: பி.எட். சேர்க்கை நின்றுபோன ஒரு தங்கைக்கு

கேள்வி: வக்கீல் அக்காவுக்கு வணக்கம். நான் கொழிஞ்சாம்பாறை பக்கத்தில் ஒரு கிராமம். ப்ளஸ் டூ வரை இங்கேயே தமிழ் மீடியம். பொள்ளாச்சியில் பி.எஸ்சி. கணிதம், 47.2 சதவீதம். பிறகு கோவையில் எம்.எஸ்சி. கணிதம், 61 சதவீதம். கேரளாவில் எங்கள் சாதி ஓ.பி.சி. வில்லேஜ் ஆபீஸில் வாங்கிய சர்டிபிகேட்டைக் காட்டித்தான் கோவைப் பக்கம் ஒரு தனியார் காலேஜில் பி.எட். மேனேஜ்மென்ட் சீட்டில் சேர்ந்தேன். ‘பி.சி.க்கு 45 போதும், உனக்கு 47 இருக்கே’ என்று ஆபீஸில் சொன்னார்கள். நாலு மாதம் கழித்து, யுனிவர்சிட்டியில் என் பெயரை அப்ரூவல் பண்ணவில்லை, நான் வெளிமாநிலம் என்பதால் ஓ.சி., 50 வேண்டும், டி.சி. வாங்கிக்கொண்டு போ என்கிறார்கள். எம்.எஸ்சி. ரிசல்ட் நான் அப்ளிகேஷன் போட்ட பிறகுதான் வந்தது. அந்த மார்க் ஷீட்டை யாரும் கேட்கவில்லை, நானும் கொடுக்கவில்லை. அப்பா தென்னந்தோப்பில் கூலி வேலை. அம்மா நகையை அடகு வைத்துத்தான் ஃபீஸ் கட்டினோம். பொள்ளாச்சியில் சித்தப்பா இருக்கிறார், அவர் அட்ரஸில் தமிழ்நாட்டு சர்டிபிகேட் எடுத்துவிடலாம் என்று ஒருவர் சொல்கிறார். கேஸ் போட்டால் ஜெயிக்குமா? இன்னொன்று, தங்கை ப்ளஸ் டூ முடிக்கப் போகிறாள். பி.எட். படித்தால் சின்ன வகுப்புக்கும் டீச்சராகலாமா, இல்லை டி.டி.சி.தான் படிக்க வேண்டுமா?

பதில்:

தங்கச்சிக்கு வணக்கம். உங்கள் கடிதத்தை நேற்று ராத்திரி படித்தேன், காலையில் எழுந்து மறுபடியும் ஒருதரம் படித்தேன். மற்றதெல்லாம் அப்புறம், முதலில் இது: காலேஜ் ஆபீஸில் எந்தத் தாளை நீட்டிக் கையெழுத்துக் கேட்டாலும் போடாதீர்கள். ‘சொந்தக் காரணத்தால் விலகுகிறேன், டி.சி. தரவும்’ என்று ஒரு வரி எழுதி வாங்கிக்கொள்வது பல இடங்களில் நடக்கிறது. அந்த வரி ஃபைலுக்குள் போய்விட்டால் நாளைக்கு நீதிமன்றத்தில் ‘யாரும் இவரைப் போகச் சொல்லவில்லை, இவராகவே போனார்’ என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுவார்கள், அதை உடைக்க நான் ஒரு மணி நேரம் வாதாட வேண்டியிருக்கும். வகுப்புக்குத் தினமும் போங்கள். உள்ளே விடவில்லை என்றால் அன்றைக்கே காலேஜ் மெயிலுக்கு ‘இன்று வந்தேன், அனுமதிக்கவில்லை’ என்று இரண்டு வரி அனுப்பி வையுங்கள். தேர்வுக் கட்டணம் கட்டும் தேதி வந்தால் கட்டப் போங்கள், வாங்க மறுத்தால் அதற்கும் ஒரு மெயில்.

சரி, இப்போது விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் பக்கம் இரண்டு வாதம் இருக்கிறது. ‘நானும் பிற்பட்ட வகுப்புதான், எனக்கு 45 போதும்’ என்பது ஒன்று. பார்க்கிறவர்கள் எல்லாரும் உங்களுக்கு இதைத்தான் சொல்லிக்கொடுத்திருப்பார்கள், ஆனால் இது தோற்கும். இன்னொன்று உங்கள் வீட்டு பீரோவுக்குள் யாரும் கேட்காமல் கிடக்கிற அந்த எம்.எஸ்சி. மார்க் ஷீட். நாம் நிற்க வேண்டிய இடம் அதுதான். ஏன் என்று கொஞ்சம் விளக்கமாகவே சொல்கிறேன், ஏனென்றால் நாளைக்கு நீங்கள் எந்த வக்கீலிடம் போனாலும் எதை எழுதச் சொல்ல வேண்டும் என்று உங்களுக்கே தெரிந்திருக்க வேண்டும்.

நானும் சித்தூர் தாலுகாவில் பிறந்தவள்தான். கோபாலபுரம் செக்போஸ்ட்டைத் தாண்டுவது நமக்கு இன்னொரு மாநிலத்துக்குப் போகிற மாதிரியே தோன்றாது. சந்தைக்குப் பொள்ளாச்சி, பெரிய ஆஸ்பத்திரிக்குக் கோவை, பெண் எடுப்பதும் கொடுப்பதும் இரண்டு பக்கமும். நம் தாலுகா பழைய கொச்சி ராஜ்யத்தில் இருந்தது, 1956 நவம்பர் 1-ல் கேரளம் உருவானபோது அதோடு போனது. பேச்சும் சாதியும் உறவும் கோட்டுக்கு இரண்டு பக்கமும் ஒன்றுதான். அதனால் ‘பொள்ளாச்சியில் இருக்கிற என் சித்தப்பா மகள் பி.சி., நான் மட்டும் எப்படி ஓ.சி. ஆனேன்’ என்று நீங்கள் கேட்பது எனக்கு நன்றாகவே புரிகிறது. ஆனால் சட்டம் சாதியின் பெயரை மட்டும் பார்ப்பதில்லை. எந்த மாநிலத்தின் பட்டியலில், எந்த மாநிலத்துக்காரராக என்று பார்க்கிறது.

இதை முடிவு செய்தது 1990-ல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு கொடுத்த மர்ரி சந்திரசேகர ராவ் தீர்ப்பு. ஆந்திராவில் தெனாலியில் பிறந்த மாணவர், அங்கே பழங்குடிப் பட்டியலில் இருந்த சமூகம். அப்பாவுக்குப் பொதுத்துறை நிறுவனத்தில் வேலை, குடும்பம் மகாராஷ்டிரத்துக்குப் போனது. பம்பாயில் மருத்துவப் படிப்புக்கு எஸ்.டி. இடம் கேட்டார். பட்டியல் ‘அந்த மாநிலத்தைப் பொறுத்து’ போடப்பட்டது, ஒரு மாநிலத்தில் ஒரு சமூகம் பட்ட கஷ்டத்தை வைத்துத்தான் சேர்க்கிறார்கள், ஆள் இடம் மாறினால் அந்தச் சலுகை கூடவே மாறிப் போகாது என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2001-ல் டில்லி மாநகராட்சி எதிர் வீணா வழக்கில் ஓ.பி.சி.க்கும் இதே கதைதான், வேறு மாநிலத்துச் சான்றிதழோடு டில்லியில் சலுகை கேட்டவர்களுக்குக் கிடைக்கவில்லை.

பி.எட்.டுக்குத் தமிழ்நாடு வைத்திருக்கும் குறைந்தபட்ச சதவீதம் ஓ.சி., அதாவது பொதுப்பிரிவுக்கு 50, பி.சி.க்கு 45, எம்.பி.சி.க்கு 43, எஸ்.சி., எஸ்.டி.க்கு 40. இதில் 50 என்பதுதான் அடிப்படைத் தகுதி, மற்ற மூன்றும் தமிழ்நாட்டுப் பட்டியலில் இருக்கும் தமிழ்நாட்டுக்காரர்களுக்கு அந்த அரசு கொடுக்கும் தளர்வு. உங்கள் கேரளச் சான்றிதழ் உண்மையானது, கேரளத்தில் அதற்கு முழு மதிப்பு உண்டு, ஆனால் அந்தத் தளர்வை அது வாங்கித் தராது. ஆக, 47.2 சதவீத பி.எஸ்சி.யை மட்டும் வைத்துப் பார்த்தால் பல்கலைக்கழகம் சொன்னது சரி. காலேஜ் ஆபீஸில் சொன்னதுதான் தப்பு. சான்றிதழின் தலைப்பிலேயே கேரளம் என்று இருக்கும்போது அதைப் பார்த்துவிட்டும் ‘45 போதும்’ என்று சொல்லி ஒரு கூலிக்காரர் வீட்டுப் பணத்தை வாங்கிப் போட்டிருக்கிறார்கள். எனக்கு இதில்தான் கோபம் வருகிறது.

(ஆந்திர எல்லையில் இருக்கும் நகரி, சத்தியவேடு பக்கத்திலிருந்தும் இந்த மாதிரிக் கடிதங்கள் வருகின்றன, அதனால் அவர்களுக்கும் ஒரு வார்த்தை. அங்கே சிக்கல் வேறு மாதிரி. அரசியல் சாசனத்தின் 371-டி பிரிவில் 1974-ல் போட்ட ஆணைப்படி ஆந்திரக் கல்லூரி இடங்களில் 85 சதவீதம் உள்ளூர்க்காரர்களுக்கு. உள்ளூர் என்பதற்குப் பொதுவான கணக்கு, தகுதித் தேர்வோடு முடியும் நாலு வருடம் தொடர்ந்து அந்தப் பகுதியில் படித்திருக்க வேண்டும் என்பது. தமிழில் படிக்கட்டும் என்று பிள்ளையைத் திருத்தணிக்கோ பள்ளிப்பட்டுக்கோ அனுப்புகிற பெற்றோர் பலருக்கு, பிள்ளை ஊர் திரும்பி விண்ணப்பம் போடும்போதுதான் இது தெரிகிறது.)

அடுத்தது அந்தச் சித்தப்பா அட்ரஸ் விஷயம். வேண்டாம். நம் ஊரில் இதை யாரும் பெரிய தப்பாக நினைப்பதில்லை என்று எனக்குத் தெரியும், ரேஷன் கார்டு ஒரு பக்கம், ஓட்டு இன்னொரு பக்கம் என்று வாழ்ந்து பழகிய குடும்பங்கள் இருக்கின்றன. பல வருடத்துக்கு முன்னால் மீனாட்சிபுரம் பக்கத்துப் பையன் ஒருவன் என்னிடம் வந்தான். மாமா வீட்டு முகவரியில் சான்றிதழ் எடுத்து, படித்து முடித்து, தேர்வெழுதி, வேலைக்குத் தேர்வாகி, சரிபார்ப்பில் மாட்டிக்கொண்டான். ப்ளஸ் டூ மார்க் ஷீட்டில் கேரள போர்டு, சாதிச் சான்றிதழில் தமிழ்நாட்டுத் தாலுகா. அதிகாரி கேட்ட முதல் கேள்விக்கே அவனால் பதில் சொல்ல முடியவில்லை. வேலை போனது மட்டுமில்லை, போலீஸ் புகார் வரைக்கும் போனது. அவன் அம்மா என் ஆபீஸ் படியில் உட்கார்ந்து அழுதது இன்னும் என் கண்ணில் இருக்கிறது. உங்களிடம் இன்றைக்கு இருக்கிற பெரிய பலம், நீங்கள் எதையும் மறைக்கவில்லை என்பது. கேரளச் சான்றிதழை கேரளச் சான்றிதழாகவே கொடுத்தீர்கள். அந்தப் பலத்தை எடுத்துக் கொடுத்துவிடாதீர்கள்.

இப்போது எம்.எஸ்சி.க்கு வருவோம். ஆசிரியர் பயிற்சிக்குத் தகுதி என்ன என்று நாடு முழுவதற்கும் சொல்லும் அமைப்பு என்.சி.டி.இ., அதாவது தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம். 1993-ம் வருடச் சட்டத்தில் வந்தது. அதன் 2014 விதிமுறைகளில் பி.எட். படிப்புக்கான பின்னிணைப்பைப் பாருங்கள். அறிவியல், சமூக அறிவியல், கலை (ஹ்யுமானிட்டீஸ்) பாடங்களில் இளநிலைப் பட்டத்திலோ முதுநிலைப் பட்டத்திலோ 50 சதவீதம் இருந்தால் சேரலாம் என்று இருக்கிறது. இளநிலையில் வாங்கியே ஆக வேண்டும் என்று அதில் இல்லை. பொறியியல் படித்தவர்களுக்கு 55 என்று தனியாக இருக்கிறது, அது உங்களுக்குச் சம்பந்தமில்லை. உங்களுக்கு முதுநிலையில் 61. ஓ.சி. என்றே வைத்துக்கொண்டாலும் 50-ஐத் தாண்டிவிட்டீர்கள். எந்தத் தளர்வும் உங்களுக்குத் தேவையே இல்லை!

இதிலும் ஒரு முள் இருக்கிறது, மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். மத்திய அமைப்பு வைத்த தகுதியை மாநிலம் குறைக்க முடியாது, ஆனால் கூட்டலாம். 1999-ல் டாக்டர் ப்ரீத்தி ஸ்ரீவாஸ்தவா வழக்கில் மருத்துவ மேற்படிப்பு பற்றி அரசியல் சாசன அமர்வு சொன்னது, அதற்குப் பிறகு எல்லாப் படிப்புக்கும் இதைத்தான் காட்டுகிறார்கள். அதனால் நீங்கள் சேர்ந்த வருடத்துச் சேர்க்கைக் கையேட்டை வரிவரியாகப் படிக்க வேண்டும், போன வருடத்தது உதவாது. அதிலும் ‘இளநிலை அல்லது முதுநிலை’ என்று என்.சி.டி.இ. வார்த்தையே இருந்தால் உங்கள் நிலை உறுதி. கையேடு அதைப் பற்றிப் பேசாமல் விட்டிருந்தாலும் வாதாட இடம் இருக்கிறது, ஏனென்றால் கையேடு மௌனமாக இருக்கும் இடத்தில் தேசிய விதி நிற்கும் என்று நாம் கேட்கலாம். ‘இளநிலை மதிப்பெண் மட்டுமே’ என்று வெளிப்படையாக எழுதியிருந்தால் மட்டும் சண்டை கடினமாகிவிடும்.

அதே கையேட்டில் சதவீதம் எப்படிக் கணக்கிடுகிறார்கள் என்றும் பாருங்கள். மொழிப் பாடங்களையும் சேர்த்தா, மெயினும் அலைடும் உள்ள மூன்றாம் பகுதி மட்டுமா? 47.2 என்று எழுதியிருக்கிறீர்கள், எதைக் கூட்டி வந்தது என்று எழுதவில்லை. மூன்றாம் பகுதியை மட்டும் எடுத்தால் 50-க்கு மேல் போகிற பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன், கணக்குப் பாடத்தில் நல்ல மார்க், இங்கிலீஷில் இழுத்துவிட்டிருக்கும். ஆனால் 49.6 வந்தால் 50 ஆக்கிக்கொள்ளலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 2011-ல் ஒரிசா தேர்வாணையம் எதிர் ரூபஸ்ரீ சௌத்ரி வழக்கில் 44.93 சதவீதம் வைத்திருந்தவருக்கு 45 என்று முழுமையாக்கிக் கொடுக்க உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. நீதிபதி வேலைக்கான தேர்வு அது, விதியில் இல்லாததை நாங்கள் சேர்க்க முடியாது என்றார்கள்.

நிம்மதியான விஷயம் ஒன்றும் இருக்கிறது. உங்கள் இரண்டு பட்டமும் கணிதம், பத்தாவது, ப்ளஸ் டூ, டிகிரி எல்லாம் வரிசையாக முறையாகப் படித்தது. இளநிலை ஒரு பாடம், முதுநிலை வேறு பாடம் என்று இருப்பவர்களும், ப்ளஸ் டூ இல்லாமல் திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் நேராகப் பட்டம் வாங்கியவர்களும் படுகிற பாடு தனி. அது உங்களுக்கு இல்லை.

உங்கள் வழக்கு உண்மையில் திரும்பப் போகிற இடம் ஒரு தேதி. எம்.எஸ்சி. ரிசல்ட் விண்ணப்பம் போட்ட பிறகு வந்தது என்று எழுதியிருக்கிறீர்கள். விண்ணப்பம் போட்ட நாளைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். விண்ணப்பிக்கக் கடைசி நாள் எது என்பதுதான் கேள்வி. அந்தக் கடைசி நாளில் தகுதி கையில் இருக்க வேண்டும் என்று 1997-ல் அசோக் குமார் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது, அதற்கு முன்னால் ரிசல்ட் வராத சிலரை நேர்முகத்துக்குக் கூப்பிட்டதே தப்பு என்று முடிந்த வழக்கு அது. கையேட்டில் வேறு ஒரு நாளைச் சொல்லியிருந்தால் அந்த நாள்தான் கணக்கு. பி.எட். சேர்க்கையில் பெரும்பாலும் தேதியை நீட்டிப்பார்கள், மேனேஜ்மென்ட் இடங்களுக்குத் தனியாகவும் ஒரு கடைசி நாள் இருக்கும். அந்த நீட்டிப்பு அறிவிப்பைத் தேடி எடுங்கள். ரிசல்ட் வெளியான தேதி மார்க் ஷீட்டிலோ ப்ரொவிஷனலிலோ (தற்காலிகப் பட்டச் சான்றிதழ்) இருக்கும், அது அந்தக் கடைசி நாளுக்கு ஒரு நாள் முந்தி இருந்தாலும் போதும். சேர்க்கை நாளில் நீங்கள் தகுதியானவர், தாளைக் கேட்காமல் விட்டது ஆபீஸ். தகுதி இல்லாமல் இருப்பதும் தகுதிக்கான தாளைக் கொடுக்காமல் விட்டதும் ஒன்றில்லை என்று நாம் கேட்கலாம்.

ரிசல்ட் அந்தக் கடைசி நாளுக்கு அப்புறம் வந்திருந்தால்? அப்போது மீதி இருப்பது ஒரே வாதம். எல்லாவற்றையும் காட்டினேன், சேர்த்துக்கொண்டு பணம் வாங்கி வகுப்பில் உட்கார வைத்தீர்கள், இப்போது போகச் சொல்லக் கூடாது என்பது. இதற்கு ஆதரவாக 1990-ல் சனாதன கௌடா எதிர் பெர்ஹாம்பூர் பல்கலைக்கழகம் என்ற நல்ல தீர்ப்பு இருக்கிறது. சட்டக் கல்லூரி மாணவர், சேரும்போதே மார்க் ஷீட் கொடுத்திருந்தார், பல்கலைக்கழகமே ஹால் டிக்கெட் கொடுத்துத் தேர்வெழுத விட்டது, ரிசல்ட் போடுகிற நேரத்தில் மார்க் போதாது என்றது. நீதிமன்றம் விடவில்லை. ஆனால் உங்கள் விஷயத்தில் பல்கலைக்கழகம் இதுவரை உங்களை ஏற்கவே இல்லை, ஏற்றது காலேஜ் மட்டும். அங்கேதான் வித்தியாசம் வருகிறது. எதிர்ப்பக்கம் 2010-ம் வருட மகரிஷி தயானந்த் பல்கலைக்கழகம் எதிர் சுர்ஜீத் கௌர் தீர்ப்பை எடுத்துப் படிப்பார்கள். அதுவும் பி.எட். வழக்குதான். விதி அனுமதிக்காத நேரத்தில் எம்.ஏ.வும் பி.எட்.டும் ஒன்றாகப் படித்த பெண்ணுக்கு நுகர்வோர் மன்றங்கள் பட்டம் கொடுக்கச் சொன்னதை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. விதிக்கு எதிராக ‘நீ முன்னால் அனுமதித்தாயே’ என்று கேட்க முடியாது, மாணவர் பல்கலைக்கழகத்துக்கு நுகர்வோரும் இல்லை என்றார்கள். அதனால் பட்டத்துக்காக நுகர்வோர் மன்றத்துக்குப் போகச் சொல்கிறவர்கள் பேச்சைக் கேட்டு நாளை வீணாக்காதீர்கள்.

இரக்கத்தை மட்டும் நம்பி நீதிமன்றம் போவதிலும் எனக்கு உடன்பாடு இல்லை. 1986-ல் நாகேஸ்வரம்மா வழக்கில் ஆந்திராவில் அங்கீகாரம் இல்லாத ஆசிரியர் பயிற்சிப் பள்ளிகளில் படித்த பிள்ளைகள், ஒரு வருடம் படித்துவிட்டோம், தேர்வாவது எழுத விடுங்கள் என்று கேட்டார்கள். கிடைக்கவில்லை. 2000-ல் முத்துக்குமார் வழக்கில் தமிழ்நாட்டுப் பிள்ளைகளுக்கும் கிடைக்கவில்லை. சரியாகப் பயிற்சி பெறாதவர் கையில் நாளைக்கு வகுப்பறை போய்ச் சேருமே என்பது நீதிமன்றத்தின் கவலை, அந்தக் கவலையைக் குறை சொல்ல முடியாது. அதனால்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறேன், ‘நகையை வைத்துப் படிக்கிறேன்’ என்பது மனுவில் ஒரு பாராவாக இருக்கட்டும், ‘நான் தகுதி உள்ளவள்’ என்பது மனு முழுக்க இருக்கட்டும்.

எங்கே போவது என்றால், நீங்கள் இருப்பது பாலக்காடு மாவட்டமானாலும் எர்ணாகுளத்தில் இருக்கும் கேரள உயர் நீதிமன்றம் இதற்குச் சரிவராது. சேர்த்தது, மறுத்தது எல்லாம் தமிழ்நாட்டில் நடந்தது, கடிதம் உங்கள் வீட்டுக்கு வந்தது என்பதற்காக வழக்கு இங்கே வராது. கோவை மாவட்டம் என்பதால் மதுரைக் கிளையும் இல்லை, சென்னை உயர் நீதிமன்றத்தில்தான் ரிட் மனு, அதாவது பல்கலைக்கழகம் மாதிரி அமைப்பின் முடிவை எதிர்த்துப் போடும் மனு. அதற்கு முன்னால் ஒரு வேலை இருக்கிறது, இந்த வாரமே செய்ய வேண்டும். பல்கலைக்கழகப் பதிவாளருக்கு, காலேஜ் முதல்வர் வழியாக ஒரு பிரதியும் நேரடியாகப் பதிவுத் தபாலில் ஒரு பிரதியும் ஒரு விண்ணப்பம். பி.சி. என்ற வார்த்தையே அதில் வேண்டாம். என் முதுநிலை மதிப்பெண் இது, 2014 விதிப்படி பொதுப்பிரிவிலேயே எனக்குத் தகுதி இருக்கிறது, அந்த அடிப்படையில் என் சேர்க்கையைப் பரிசீலித்துக் காரணத்தோடு எழுத்தில் உத்தரவு போடுங்கள், என்னை நிராகரித்த கடிதத்தின் நகலையும் கொடுங்கள் என்று மட்டும் எழுதுங்கள். எம்.எஸ்சி. மார்க் ஷீட், ப்ரொவிஷனல் இரண்டின் நகலும் கூட வேண்டும். பல சமயம் இந்த ஒரு தாளிலேயே விஷயம் முடிந்துவிடுகிறது, ஏனென்றால் அங்கே உட்கார்ந்திருப்பவர் பார்த்தது உங்கள் பி.எஸ்சி. மார்க்கை மட்டும்தான்.

ஒரு வாரம், பத்து நாள் பார்த்துவிட்டுப் பதில் இல்லை என்றாலோ தேர்வுத் தேதி நெருங்கினாலோ ரிட். தகவல் உரிமை மனுவும் பத்து ரூபாயில் போட்டு வைக்கலாம், ஆனால் அதற்கு முப்பது நாள் ஆகும், அதை எதிர்பார்த்து உட்கார வேண்டாம். ரிட்டில் நிராகரிப்பை ரத்து செய்யவும், எம்.எஸ்சி. அடிப்படையில் பரிசீலிக்கவும், அதுவரை தேர்வெழுத அனுமதிக்கவும் கேட்க வேண்டும். பல்கலைக்கழகம், காலேஜ் இரண்டோடு என்.சி.டி.இ.யையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கச் சொல்லுங்கள், தங்கள் விதிக்கு என்ன அர்த்தம் என்று அவர்களே வந்து சொல்லட்டும். மாற்றாக, சேர்க்கை செல்லாது என்றால் கட்டணத்தை முழுதாகத் திருப்பித் தரவும் உத்தரவு கேளுங்கள். ஒரிஜினல்களைக் காலேஜ் பிடித்து வைத்திருந்தால் அதையும் சேர்த்து எழுதுங்கள், மாணவரின் அசல் சான்றிதழ்களை வைத்துக்கொள்ளக் கூடாது என்று யு.ஜி.சி. 2018-லேயே அறிவிக்கை போட்டிருக்கிறது. இடைக்கால உத்தரவில் தேர்வெழுதக் கிடைத்தால் சந்தோஷம், ஆனால் அதை ஜெயித்துவிட்டதாக ஊரில் சொல்லிக்கொள்ள வேண்டாம். கடைசித் தீர்ப்பு வேறு மாதிரி வந்தால் எழுதிய தேர்வும் நிற்காது.

செலவை நினைத்துப் பயப்படாதீர்கள். 1987-ம் வருடச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12-வது பிரிவில் பெண்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு, வருமானம் எவ்வளவு என்று கேட்கக் கூடாது. பாலக்காட்டிலோ கோவையிலோ கோர்ட் வளாகத்தில் இருக்கும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணையத்தில் மனு கொடுத்தால் சென்னை உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவுக்கு அனுப்பி வைப்பார்கள். 15100 என்ற எண்ணுக்கும் கூப்பிடலாம். அம்மாவின் இன்னொரு நகையை வைத்து எனக்கோ வேறு யாருக்கோ ஃபீஸ் கொடுக்க வேண்டிய அவசியம் இல்லை.

தேதி உங்களுக்கு எதிராக இருந்தால், ரிசல்ட் நிஜமாகவே கடைசி நாளுக்குப் பிறகுதான் வந்தது என்றால், நான் உங்களை வழக்கில் இறக்க மாட்டேன். பணத்தைத் திரும்ப வாங்குவோம், அடுத்த சேர்க்கைக்குப் போவோம். அப்போது தமிழ்நாட்டில் எம்.எஸ்சி.யை வைத்துப் பொதுப்பிரிவில் போடலாம், கையேடு இடம் கொடுத்தால். கேரளத்தில் காலிக்கட் பல்கலைக்கழக பி.எட். அலாட்மென்டுக்கும் போட்டு வையுங்கள், அங்கே உங்கள் ஓ.பி.சி. சான்றிதழுக்கு உயிர் உண்டு. அக்ஷயா சென்டரில் (கேரளத்து இ-சேவை மையம்) கடைசி நாளில் போய் நிற்காமல், தமிழ்நாட்டுப் பட்டங்களுக்கு அங்கே கேட்கும் தகுதிச் சான்றிதழை இப்போதே வாங்கிவிடுங்கள், அதற்குத்தான் நாள் பிடிக்கும். கோவையில் பி.எட். முடித்தாலும் நாளைக்குக் கேரள பி.எஸ்.சி., அதாவது அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் தேர்வை எழுத, அந்தப் பட்டத்தைக் கேரளத்துப் பல்கலைக்கழகம் அங்கீகரித்ததாகக் காட்ட வேண்டியிருக்கும், ஆக இந்த வேலை எப்படியும் உங்களுக்கு உண்டு.

உங்கள் தங்கைக்குச் சுருக்கமாக. சின்ன வகுப்புக்குப் போக ஆசை என்றால் ப்ளஸ் டூவுக்குப் பிறகு படிக்கும் ஆசிரியர் பயிற்சியான டி.டி.சி.தான், இப்போது அதற்குப் பெயர் டி.எல்.எட். 2018-ல் என்.சி.டி.இ. ஓர் அறிவிக்கை போட்டு, பி.எட். படித்தவரும் ஒன்று முதல் ஐந்து வரை எடுக்கலாம், பிறகு ஆறு மாதப் பயிற்சி முடித்தால் போதும் என்றது. 2023 ஆகஸ்ட் 11-ல் தேவேஷ் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றுவிட்டது. ஆறு வயதுப் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுப்பது வேறு பயிற்சி, பி.எட்.டில் அது இல்லை என்பதுதான் காரணம், எனக்கும் அது நியாயமாகவே படுகிறது. அந்தத் தேதிக்கு முன்னால் வேலைக்குச் சேர்ந்தவர்களுக்கு மட்டும் பாதுகாப்பு கொடுத்தார்கள். டி.எல்.எட்.டுக்கு ப்ளஸ் டூவில் 50 சதவீதம் அடிப்படை, அதை இப்போதே மனதில் வைத்துப் படிக்கச் சொல்லுங்கள். தமிழ்வழியில் படித்தவள் என்பது அவளுக்கு நம் ஊரில் பலம், பாலக்காடு, இடுக்கிப் பக்கத்துத் தமிழ்வழி எல்.பி., யு.பி. (தொடக்க, நடுநிலை) பள்ளி இடங்களுக்கு பி.எஸ்.சி. தனியாகவே அறிவிக்கை போடுகிறது. அவள் எந்த மாநிலத்தில் விண்ணப்பித்தாலும், எந்தப் பிரிவில் தன்னைக் கணக்கில் எடுப்பார்கள் என்று பணம் கட்டும் முன்னால் எழுத்தில் கேட்டு வாங்கட்டும்.

உங்களுக்கு இப்போது தேவை மூன்று தாள்: இந்த வருடக் கையேடு, கடைசித் தேதி நீட்டிப்பு அறிவிப்பு, எம்.எஸ்சி. ரிசல்ட் தேதி உள்ள மார்க் ஷீட். மூன்றையும் போனில் தெளிவாகப் படம் எடுத்து எனக்கு அனுப்புங்கள், பதிவாளருக்கு எழுதும் விண்ணப்பத்தை அந்தத் தேதியைப் பார்த்த பிறகு நானே திருத்தித் தருகிறேன்.